பொறுப்பேற்காத வருத்தம்

தாமரைச்செல்வி போனில் ஒரு விஷயத்தைச் சொல்ல ஆரம்பித்தால் முடிக்க இருபது நிமிடம் ஆகும். அந்த இருபது நிமிடமும் மறுமுனையில் ஆள் இருக்கிறான் என்பதற்கு அவளுக்கு அத்தாட்சி வேண்டும். சேனாபதி அதற்கு ‘சரி’ என்ற ஒரே சொல்லை வைத்திருந்தான். ஆனால் பல நீளங்களில் வைத்திருந்தான். வீட்டுக் கூரை ஒழுகுவது பற்றியென்றால் குட்டையாக ஒன்று. அவளுடைய அக்கா வீட்டுக்காரரைப் பற்றியென்றால் நடுத்தரமாக ஒன்று. “நீ சொல்லி ஏழு மாசமாச்சு சேனா” என்று அவள் தொடங்கும்போது மட்டும் கண்ணை மூடிக்கொண்டு, கடைசி எழுத்து தொண்டைக்குள்ளேயே கரைந்துபோகிற மாதிரி நீளமாக ஒன்று: “சா… ரி…”

ஏழு மாதத்துக்கு முன் அவன் சொன்னது இதுதான். டெக்சாஸின் இர்விங்கில், லாஸ் கொலினாஸ் அலுவலகக் கட்டடங்களில் ஒன்றில் இருந்த ஹார்லன் ஸ்போர்ட்ஸ் நெட்வொர்க்கில் அவனுக்கு வேலை. அமெரிக்கக் கால்பந்து ஒளிபரப்பின் போது திரையின் அடியில் ஓடும் வசன வரிகளில் எழுத்துப்பிழை பார்ப்பான். அவளுக்கு ஹூஸ்டனில் மருந்தாளுநர் வேலை, வீடு பக்கத்திலேயே பேர்லேண்டில். ஏழு வயது மாளவிகா அவளிடம் இருந்தாள். நடுவில் நாலரை மணி நேரக் கார்ப் பயணம். எழுத்துப்பிழையை எங்கே உட்கார்ந்தும் பார்க்கலாம் என்பதால், வீட்டிலிருந்தே வேலை செய்ய அனுமதி வாங்கிக்கொண்டு பேர்லேண்டுக்கே வந்துவிடுவதாகச் சொல்லியிருந்தான். விண்ணப்பம் ஏழு மாதமாக மேலே போய்க்கொண்டிருந்தது. கட்டடத்தில் இருந்ததோ ஆறு மாடிகள்தான். வேலையை உதறவும் வழியில்லை. கிரீன் கார்டு கோப்பு கம்பெனி வழியாக வரிசையில் நின்று பதினோரு வருடம் ஆகியிருந்தது.

அப்படி ஒருநாள் நடைபாதையில் நின்று அந்த நீளமான ‘சரி’யைச் சொல்லிவிட்டுக் கண்ணைத் திறந்தபோது, எதிரே ஒருவர் அழுதுகொண்டிருந்தார். ஒளிபரப்புப் பாரம்பரியப் பிரிவின் துணைத் தலைவர் விட்டிங்டன்.

“இன்னொரு முறை சொல்லுங்கள்” என்றார் அவர்.

சேனாபதிக்குப் புரியவில்லை. தான் என்ன தப்புச் செய்தோம் என்றும் தெரியவில்லை. எதற்கும் இருக்கட்டும் என்று இன்னொரு முறை சொன்னான்.

விட்டிங்டன் அவனைத் தன் அறைக்கு அழைத்துப்போய்ச் சுவரில் இருந்த ஒரு படத்தைக் காட்டினார். தொப்பி வைத்த ஒரு மனிதர். ஹாங்க் டோலிவர். தொலைக்காட்சியில் கால்பந்து காட்டத் தொடங்கிய காலத்தில், 1954இல், இந்த நிறுவனத்தின் திரையில் வந்த முதல் முகம். உள்ளூர் அணி தோற்கிற ஞாயிற்றுக்கிழமைகளில் டோலிவர் கேமராவைப் பார்த்துத் திரும்பி, தொப்பியைக் கழற்றி, “சாரி” என்று ஒரே ஒரு சொல் சொல்வாராம். டெக்சாஸ் முழுக்கக் குடும்பம் குடும்பமாக அழுமாம்.

“அதைப் பார்க்க முடியுமா?” என்று கேட்டான் சேனாபதி.

“முடியாது. அந்த நாடாக்களின் மேல் 1961இல் ஒரு சமையல் நிகழ்ச்சியைப் பதிவு செய்துவிட்டார்கள். உயிரோடு இருப்பவர்களில் அதைக் கேட்டவர்கள் யாரும் இல்லை.” விட்டிங்டன் மூக்கைத் துடைத்துக்கொண்டார். “ஆனால் அது எப்படி ஒலித்தது என்று எனக்குத் தெரியும்.”

“சார், நான் என் மனைவியுடன் பேசிக்கொண்டிருந்தேன்.”

“அதேதான். டோலிவரும் நாட்டோடு அப்படித்தான் பேசினார்.”

ஒரே ஒரு ஞாயிறு, ஒரே ஒரு சொல். அது முடிந்ததும் பேர்லேண்ட் விண்ணப்பத்தில் தானே கையெழுத்துப் போடுவதாக விட்டிங்டன் சொன்னார். சேனாபதி சரி என்றான். விட்டிங்டன் மறுபடியும் அழுதார்.

ஞாயிறன்று அவனை ஒரு சாம்பல் நிற அறைக்குள் உட்கார வைத்தார்கள். மேசை சாம்பல், நாற்காலி சாம்பல், குவளையில் இருந்த பூவும் சாம்பல். கறுப்பு வெள்ளைக் காலத்தை வண்ணத் தொலைக்காட்சியில் உண்மையாகக் காட்ட இதுவே வழி என்று ஒரு குழு பதினெட்டு மாதம் ஆராய்ந்து கண்டுபிடித்திருந்தது. ஒப்பனைக்காரர் அவன் முகத்திலும் கழுத்திலும் கைகளிலும் சாம்பல் நிறம் பூசினார். விட்டிங்டன் தள்ளி நின்று பார்த்து நெகிழ்ந்தார்.

“1954இல் யாருக்குமே நிறம் கிடையாது. அதுதான் எங்கள் பாரம்பரியத்தின் பெருமை. எல்லோருக்கும் அதில் இடம் உண்டு, பூசிக்கொண்டால் போதும்.”

அணி தோற்றது. சேனாபதி தொப்பியைக் கழற்றினான். கேமராவின் பின்னால் தாமரைச்செல்வி நின்று ‘ஏழு மாசமாச்சு’ என்று தொடங்குவதாக நினைத்துக்கொண்டு கண்ணை மூடினான். “சா… ரி…”

மறுநாள் அந்த ஆறு விநாடிக் காட்சியை நாற்பது லட்சம் பேர் பார்த்திருந்தார்கள். லப்பக் என்ற ஊரில் இருபது வருடமாகப் பேசிக்கொள்ளாத இரண்டு அண்ணன் தம்பிகள் அதைப் பார்த்துவிட்டுச் சேர்ந்துகொண்டார்களாம். தாமரைச்செல்வி போன் செய்தாள்.

“டிவில பாத்தேன். விபூதியில விழுந்து எழுந்த மாதிரி இருக்க.”

“ஒரே ஒரு வாட்டிதான் செல்வி. அடுத்த வாரம் கையெழுத்து ஆயிடும்.”

“எத்தனாவது அடுத்த வாரம்?”

“சரி.”

“என்ன சரி? நான் கேள்வி கேட்டேன்.”

ஒரே ஒரு ஞாயிறு மூன்று ஞாயிறாயிற்று. அவன் பேர்லேண்டுக்குப் போவதே சனி ஞாயிறுகளில்தான் என்பதால், வீடு ஒரு மாதமாக அவனைத் திரையில்தான் பார்த்தது. நான்காவது வாரம் ஃபோர்ட் வொர்த்திலிருந்து ஒருவர் வழக்குப் போட்டார். நடுவரின் தவறான தீர்ப்பால் அணி தோற்றது. ஒளிபரப்பிய நிறுவனமே அதற்கு வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டுவிட்டது. ஆகவே குற்றம் ஒப்புக்கொள்ளப்பட்டது. ஆகவே தன் மனவுளைச்சலுக்கு ஈடு வேண்டும்.

நிறுவனத்தின் தலைமை வழக்கறிஞர் மிஸ் குரோஃப்ட் சேனாபதியைக் கூப்பிட்டார். சேனாபதிக்கு உள்ளூர ஒரே சந்தோஷம். எப்படியும் திரையிலிருந்து எடுத்துவிடுவார்கள். உண்மையையே சொல்லிவிடலாம் என்று தீர்மானித்தான்.

“மேடம், நான் ‘சாரி’ என்று சொல்லவே இல்லை. அது தமிழ். ‘சரி’. ஓகே என்று அர்த்தம். சில சமயம் அந்த அர்த்தமும் இருக்காது. கேட்டுக்கொண்டிருக்கிறேன் என்பதற்காகச் சொல்வது.”

மிஸ் குரோஃப்ட் பேனாவை மூடி வைத்தார்.

“அதாவது, நீங்கள் எதையும் ஒப்புக்கொள்ளவில்லை.”

“இல்லை.”

“எதற்கும் வருந்தவும் இல்லை.”

“இல்லை மேடம்.”

“ஆனால் கேட்ட நாற்பது லட்சம் பேருக்கும் மனம் ஆறிவிட்டது.” அவர் எழுந்து ஜன்னலருகே போனார். “இருபத்தாறு வருடமாக இந்தத் தொழிலில் இருக்கிறேன், மிஸ்டர் சேனாபதி. இப்படி ஒன்று இருக்கக்கூடும் என்று சட்டக் கல்லூரியில் வாய்மொழியாகப் பேசிக்கொள்வார்கள். யாரும் பார்த்ததில்லை.”

ஒரு வாரத்துக்குள் வருத்தப் பிரிவு என்று ஒன்று உருவாயிற்று. அதற்கு ஒரு இயக்குநர், இரண்டு துணை இயக்குநர்கள், வருத்தத்தின் ஆழத்தை ஒன்று முதல் ஐந்து வரை அளக்கும் ஒரு குழு, வருந்துவதற்கு ஒரே ஒரு ஊழியன். பத்திரம் ஒன்றும் தயாரானது: ‘இந்த நபரின் வாயிலிருந்து வரும், மேற்படி ஒலியை ஒத்த எந்தச் சொல்லும், எப்போதும், தமிழ்ச் சொல்லாகிய சரி என்பதே.’ மொழி நிபுணராகக் கையெழுத்திட இர்விங் தமிழ்ப்பள்ளியின் முதல்வர் பிச்சுமணியை அழைத்திருந்தார்கள். ஓய்வுபெற்ற கெமிக்கல் எஞ்சினியர். சனிக்கிழமைகளில் எண்பது பிள்ளைகளுக்கு உயிரெழுத்துச் சொல்லித்தருபவர். அவர் பள்ளிக்கு நெட்வொர்க் ஒரு ஹால் கொடுப்பதாகப் பேச்சு.

“அங்கிள், இதுல சைன் பண்ணாதீங்க. நான் மாட்டிக்குவேன்” என்று காதோடு சொன்னான் சேனாபதி.

“தம்பி, அமெரிக்கா பூரா தமிழ் ஒலிக்குதுப்பா. ஒரு வார்த்தையா இருந்தா என்ன? செம்மொழி செம்மொழின்னு நாம கத்தினப்ப எவன் கேட்டான்? இப்பப் பாரு, லாயர் வெச்சுப் பாதுகாக்கறான்.” கையெழுத்துப் போட்டுவிட்டுப் பேனாவையும் எடுத்துக்கொண்டு போனார்.

பத்திரத்தின் இரண்டாம் பக்கத்தில் ஒரு நிபந்தனை இருந்தது. சேனாபதி ஆங்கிலச் சொல்லான ‘சாரி’யை எங்கும், யாரிடமும் பயன்படுத்தக் கூடாது. அந்தச் சொல் அவனுக்குத் தெரியும் என்பதற்கு ஆதாரம் ஏற்பட்டுவிடும்.

அந்த வாரம் இந்தியக் கடையில் அவனுடைய தள்ளுவண்டி ஒரு அம்மாளின் காலில் இடித்தது. அவன் வாயைத் திறந்தான். பத்திரம் நினைவுக்கு வந்தது. மூடிக்கொண்டான்.

“ஏம்ப்பா, இடிச்சிட்டு மாடு மாதிரி நிக்கற? ஒரு சாரி சொன்னா முத்தா உதிர்ந்துடும்?” என்ற அம்மாள், அவன் முகத்தை உற்றுப் பார்த்தாள். “ஐயோ, நீ அந்த சாரி தம்பி இல்ல? ஊருக்கெல்லாம் சொல்ற, எனக்கு ஒண்ணு சொல்ல மாட்டியா? இரு, வீடியோ எடுக்கறேன்.”

மற்றப் பிரிவுகளும் அவனைக் கேட்டு வாங்கத் தொடங்கின. உணவகத்தில் காபி எந்திரம் பழுதானபோது அதன் அருகே அரைநாள் நிற்க வைத்தார்கள். வாகன நிறுத்தத்தை மூடியபோது மழையில் நின்றான். நவம்பரில் நாற்பத்திரண்டு பேரை வேலையை விட்டு அனுப்பினார்கள். அன்று காலை ஏழு மணிக்கே வாசலில் நிற்கச் சொன்னார்கள்; ஆழம் நான்கு. அட்டைப் பெட்டியோடு வெளியே வந்த ஒவ்வொருவரும் ஏதோ சொன்னார்கள். என் மகன் இப்போதுதான் கல்லூரியில் சேர்ந்தான், என்றார் ஒருவர். சரி. பத்தொன்பது வருடம், என்றாள் ஒருத்தி. சரி. வசன வரிப் பிரிவில் அவனுக்குப் பக்கத்து இருக்கையில் இருந்த டோனா அவனைக் கட்டிக்கொண்டாள். “இந்தக் கட்டடத்தில் எனக்காக வருத்தப்பட்ட ஒரே ஆள் நீதான்.” அவன் உண்மையிலேயே வருந்தினான். அதைச் சொல்ல அவனுக்கு அனுமதி இல்லை.

மாலையில் வருத்தப் பிரிவின் இயக்குநர் கைகுலுக்கினார். “இன்று ஒருவர்கூட வழக்கறிஞரைக் கூப்பிடவில்லை. மனிதநேயம் என்றால் இதுதான்.”

வீட்டில் நிலைமை வேறாகப் போய்க்கொண்டிருந்தது. மாளவிகாவுக்குத் தொண்டையில் சதை வளர்ந்து, தூக்கத்தில் மூச்சு முட்டியது. டிசம்பரில் ஒரு திங்கட்கிழமை, காலை ஆறு மணிக்கு அதை எடுக்க ஆபரேஷன் என்று நாள் குறித்தார்கள்.

“ஞாயித்துக்கிழமை சாயந்தரமே வந்துடு. அவ பயப்படறா” என்றாள் தாமரைச்செல்வி.

“சரி.”

“சேனா, இந்த வார்த்தையை என்கிட்ட சொல்லாத. எனக்கு எரியுது. வருவியா, மாட்டியா?”

“சரிங்கறேன்ல.”

போனை மாளவிகா பிடுங்கினாள். “அப்பா, வாஸ் தட் ஓகே சரி ஆர் டிவி சாரி?”

ஏழு வயதுக் குழந்தை கேட்ட அந்தக் கேள்வியை வருத்தப் பிரிவில் ஒருவரும் இதுவரை கேட்டதில்லை. “வரேன்டா செல்லம், கண்டிப்பா வரேன்” என்றான். அதுவும் சாம்பல் பூசிக்கொண்டுதான் வெளியே வந்தது போல அவன் காதுக்கே கேட்டது.

அந்த ஞாயிறு நண்பகல் ஆட்டம். கடைசி நிமிடத்தில் நடுவர் ஒரு கோட்டைத் தவறாகப் பார்த்தார், அணி தோற்றது, ஊர் கொந்தளித்தது. சேனாபதியின் பை காரில் தயாராக இருந்தது. விட்டிங்டன் கையில் காகிதங்களோடு சாம்பல் அறைக்கு வந்தார்.

“நாளைக் காலை ஏழரைக்குத் தேசிய நிகழ்ச்சியில் விரிவான வருத்தம். ஆழம் ஐந்து. முதல்முறை. இது உங்கள் அடுத்த மூன்று வருட ஒப்பந்தம். உங்கள் பதில் எனக்கு இந்த ஒளிபரப்பு முடிவதற்குள் வேண்டும்.”

“சார், நாளைக்கு என் மகளுக்கு ஆபரேஷன். நான் இன்றே போக வேண்டும்.”

“அதைக் கேட்டு நான் மிகவும்…” விட்டிங்டன் நிறுத்திக்கொண்டார். “அந்தச் சொல்லைச் சொல்ல எனக்கு அதிகாரம் இல்லை. உங்களுக்குத்தான் இருக்கிறது.”

கேமராவின் மேல் சிவப்பு விளக்கு எரிந்தது. அந்த நொடியில் சேனாபதிக்கு வழி தெரிந்தது. அவன் இவர்களுக்கு எதற்குப் பயன்படுகிறான்? வருந்தாமல் வருந்துவதற்கு. உண்மையிலேயே வருந்திவிட்டால் அவனை ஒரு மணி நேரம்கூட வைத்திருக்க மாட்டார்கள். கிரீன் கார்டு போனால் போகட்டும்.

அவன் தொப்பியைக் கழற்றவில்லை. கண்ணை மூடவில்லை. ஒரு மனிதன் இன்னொரு மனிதனிடம் சொல்வது போல, இழுக்காமல், தெளிவான ஆங்கிலத்தில் சொன்னான்:

“ஐ ஆம் சாரி.”

சொன்னபோது பேர்லேண்டில் ஒரு சோபாவில் உட்கார்ந்திருக்கும் இரண்டு பேர்தான் அவன் மனதில் இருந்தார்கள்.

விளக்கு அணைந்தது. மிஸ் குரோஃப்ட் மேல்மாடியிலிருந்து படிக்கட்டு வழியாகவே ஓடிவந்தார். சேனாபதி தொப்பியைச் சாம்பல் மேசைமேல் வைத்து, கார்ச் சாவியை எடுத்தான்.

“உட்காருங்கள்” என்ற மிஸ் குரோஃப்ட், நிபுணரை ஸ்பீக்கர் போனில் அழைத்தார். “மிஸ்டர் பிச்சுமணி, ஒளிபரப்பைப் பார்த்தீர்களா?”

“பார்த்தேன் மேடம். ஞாயிறென்றாலும் பள்ளியைத் திறந்து எல்லோரும் சேர்ந்து பார்த்தோம்.”

“அவர் என்ன சொன்னார்?”

பிச்சுமணி தொண்டையைச் செருமினார்.

“பத்திரப்படி கடைசிச் சொல் ‘சரி’. அதில் சந்தேகமில்லை. அதற்கு முன்னால் உள்ளதைப் பிரித்துப் பார்க்க வேண்டும். ‘ஐயா’, ‘ஆம்’. இரண்டையும் சேர்த்து வேகமாகச் சொன்னால் ‘ஐயாம்’. புணர்ச்சி. ஆக, ‘ஐயா, ஆம், சரி’. மூன்றும் நல்ல தமிழ். இலக்கணப் பிழை இல்லை.”

“அங்கிள்!” சேனாபதி போனை நோக்கிக் கத்தினான். “நான் இங்கிலீஷ்ல சொன்னேன்! உங்களுக்கே தெரியும்!”

“தெரியும்ப்பா” என்றார் பிச்சுமணி தமிழில், பணிவாக. “ஆனா சைன் பண்ணது நான். இப்ப மாத்திச் சொன்னா ஹால் போயிடும். எம்பது பசங்கள பார்க்கிங் லாட்ல வெச்சா அ, ஆ சொல்லித்தர முடியும்? குளிருதுப்பா.”

“என்ன பேசிக்கொள்கிறீர்கள்?” என்றார் மிஸ் குரோஃப்ட்.

“மகிழ்ச்சியைத் தெரிவிக்கிறார் மேடம்.”

மிஸ் குரோஃப்ட் குறித்துக்கொண்டார். “‘ஐயா’ என்பது யாருக்கு?”

“மேலதிகாரியை மரியாதையாக அழைப்பது.”

விட்டிங்டன் நெஞ்சில் கை வைத்தார்.

“‘ஆம், சரி’ என்பது?”

“சம்மதம். ஒரு முறைக்கு இரண்டு முறை.”

“எந்தக் கேள்விக்கு?”

அறையில் எல்லோரும் யோசித்தார்கள். அன்று சேனாபதியிடம் கேட்கப்பட்டு, ஒளிபரப்பு முடிவதற்குள் பதில் வரவேண்டியிருந்த கேள்வி ஒன்றே ஒன்றுதான். விட்டிங்டன் கையிலிருந்த காகிதங்களை எல்லோரும் பார்த்தார்கள். நாற்பது லட்சம் சாட்சிகள் முன்னிலையில் ஏற்கப்பட்ட ஒப்பந்தத்தைத் தன் பணிக்காலத்தில் கண்டதில்லை என்றார் மிஸ் குரோஃப்ட். வருத்தப் பிரிவு கைதட்டியது.

“நான் என் மகளிடம் போக வேண்டும்” என்றான் சேனாபதி. அவன் குரல் உடைந்திருந்தது. ஆழக் குழுவில் ஒருவர் அனிச்சையாக நான்கு என்று எழுதினார்.

விட்டிங்டன் அவன் தோளில் கை போட்டார். “போங்கள். தாராளமாகப் போங்கள். குடும்பம்தான் எங்கள் முதல் விழுமியம். நாங்களும் வருகிறோம்.”

பேர்லேண்ட் வரைக்கும் ஃப்ரீவேயில் அவன் காரின் கண்ணாடியில் நெட்வொர்க்கின் ஒளிபரப்பு லாரி தெரிந்துகொண்டே வந்தது. அவன் வேகமாகப் போனால் அதுவும் வேகமாக வந்தது. பெட்ரோல் போட நின்றபோது அதுவும் நின்று, ஒருவர் இறங்கி அவன் முகத்துக்கு எதிரே வெளிச்சம் அளக்கும் ஒளிமானியைப் பிடித்துவிட்டுப் போனார்.

காலையில் ஆஸ்பத்திரியின் மூன்றாம் மாடி நடைபாதையில் விளக்குகள் வைத்துக் கேமராவை நிறுத்தியிருந்தார்கள். மாளவிகாவைச் சக்கரக் கட்டிலில் கொண்டுவந்தார்கள். அவள் தலையைத் திருப்பி அப்பாவையும், அவன் கன்னத்தில் பாதி பூசப்பட்டிருந்த சாம்பலையும், அவன் பின்னால் இருந்த கேமராவையும் பார்த்தாள்.

“அப்பா, ஆர் யூ ஹியர், ஆர் ஆர் யூ ஆன் டிவி?”

“இங்கதான்டா இருக்கேன்.”

கதவு மூடிக்கொண்டது. தாமரைச்செல்வி நாற்காலியில் உட்கார்ந்து, கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். அவனோடு பேசவில்லை. நேற்று அவன் சொன்னதை அவள் பார்த்தாளா, அது தனக்குத்தான் என்று அவளுக்குத் தெரிந்ததா என்று கேட்க நினைத்தான். ஒப்பனைக்காரர் அவன் உதட்டின் மேல் பஞ்சை வைத்திருந்தார்.

ஏழு இருபத்தொன்பது. விட்டிங்டன் விரல்களை உயர்த்தினார். மூன்று. இரண்டு. சிவப்பு விளக்கு எரிந்தது. அதே நொடியில் பக்கவாட்டில் கதவு திறந்து, டாக்டர் முகமூடியை இறக்கியபடி வந்தார்.

“நல்லபடியாக முடிந்தது. ஒன்றும் பயமில்லை. கண் விழித்துவிட்டாள். வந்து பார்க்கலாம்.”

சேனாபதி சுவரைப் பிடித்துக்கொண்டான். சாம்பல் பூச்சில் இரண்டு கோடு விழும்படி கண்ணீர் இறங்கியது.

“சரி” என்றான். “சரி… சரி…”

அவன் வாயிலிருந்து எத்தனையோ மாதங்களுக்குப் பிறகு அந்தச் சொல் அதன் சொந்த அர்த்தத்தில் வந்தது. அதை ஐம்பது மாநிலங்களும் பார்த்தன. தோற்றுப்போன ஊரில் வண்டிகளை ஓரம் கட்டி நிறுத்திவிட்டு ஆண்கள் அழுததாகப் பிறகு செய்தி வந்தது. நடுவர் தன் வீட்டுவாசலுக்கு வந்து ரசிகர்களோடு கைகுலுக்கினார். ஆழக் குழு அட்டையில் ஐந்துக்கு மேல் ஒரு கட்டம் வரைந்தது.

தாமரைச்செல்வி எழுந்து வந்து கைக்குட்டையால் அவன் முகத்தைத் துடைத்தாள். ஒப்பனைக்காரர் தடுக்கப் போனார். அவள் பார்த்த பார்வையில் பின்வாங்கினார்.

“உள்ள வா” என்றாள் அவள். “உன் சொந்த மூஞ்சியோட வா.”

இருவரும் கதவை நெருங்கியபோது விட்டிங்டன் பின்னாலேயே வந்தார். அவர் கண்கள் சிவந்திருந்தன. டாக்டருக்குக் கேட்காதபடி, மிகுந்த அக்கறையோடு, தணிந்த குரலில் கேட்டார்:

“அடுத்த ஞாயிறு ஆட்டம் இதைவிடப் பெரியது. குழந்தைக்கு வேறு ஏதாவது எடுக்க வேண்டியிருக்கிறதா?”